ஒஸ்கார் வேர்னரின் நடிப்பு

மேடை நாடகத்திற் பேசுபவனே தலைவன். அவன் வாய்திறந்த கணமே அவையோரின் கண்கள் அவன்மீது செல்லும். அவனுக்கு எதிரே நின்று கேட்பவன் எத்துணை நுட்பமாகக் கேட்பினும், அந்நுட்பம் முன்வரிசைக்கு அப்பாற் செல்வதரிது. திரைப்படமோ இம்முறையைத் தலைகீழாக்க வல்லது. பேசுபவனின் குரலை ஒலிக்கவிட்டுக் கேட்பவனின் முகத்தை மட்டும் காட்டுவதற்கு அதனால் இயலும். மேடையிலே சொல்லாற் புகழ்பெற்ற நடிகர் பலர் திரையிலே சோபியாமைக்கு அவர்கள் கேட்கக் கற்றுக்கொள்ளாமையும் ஒரு காரணமெனலாம். ஒஸ்திரிய நாட்டு நடிகர் ஒஸ்கார் வேர்னர் இதற்கு விலக்கானவர். ஜேர்மன் மொழி மேடையின் மிகச் சிறந்த குரல்களுள் ஒன்றைப் பெற்றிருந்த அவர், திரையிலே தாம் பேசாதிருந்த கணங்களாலேயே பெரிதும் நினைக்கப்படுகிறார். ஆயினும் அவரோ தம்மை மேடைக்குரியவராகவே கருதினார். திரைப்படத்துக்கு இரண்டாம் இடமே கொடுத்தார். கலைஞனொருவன் தன் வலிமை எங்கே உள்ளதென்பதைத் தானே பிழையாகக் கணித்தல் கூடுமோ என்னும் வினாவை அவர் வரலாறு எழுப்புகின்றது.

வேர்னர் 1922ஆம் ஆண்டு நவம்பர் 13ஆந் திகதி வியன்னா நகரிற் பிறந்தார். இயற்பெயர் ஒஸ்கார் யோசெப் பிஷ்லீஸ்மாயர். நாவிற்குச் சற்றே கடினமான இப்பெயரை விடுத்து அவர் வேர்னர் எனப் பெயர் பூண்டதிற் குறைகூற எதுவுமில்லை. வறுமைப்பட்ட குடும்பம், கல்லூரிக் கல்வியை அவர் நிறைவு செய்யவில்லை. 1941இல், பதினெட்டாம் வயதில், வியன்னாவின் பூர்க் நாடகசாலையிற் சேர்த்துக்கொள்ளப்பட்டார். அக்காலை ஒஸ்திரியா தனிநாடாக இருக்கவில்லை. 1938இல் அது ஹிட்லரின் ஜேர்மனியோடு இணைக்கப்பட்டுவிட்டது. நாடகசாலையிற் சேர்ந்த அதே ஆண்டில் அவர் படைக்கும் அழைக்கப்பட்டார்.

போரையும் நாற்சிக் கொள்கையையும் அடியோடு வெறுத்த இளைஞர் அச்சீருடையை அணிய நேர்ந்தது. அவருடைய முதல் மனைவியாரான நடிகை எலிசபெத் கலினா, அந்நாளைச் சட்டத்தின்படி பாதி யூதர். போரின் இறுதிக் கட்டத்திலே வேர்னர் படையைவிட்டு ஓடி, மனைவியுடனும் கைக்குழந்தையுடனும் வியன்னாக் காட்டுப் பகுதியில் மறைந்து வாழ்ந்தார். படையை விட்டோடியவனுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்ட காலம் அது. பின்னாளில் அவர் ஏற்ற பாத்திரங்களை ஒன்றன்பின் ஒன்றாக நோக்குவோர் இந்த மறைவு நாட்களை மறத்தல் இயலாது. தான் சார்ந்த கூட்டத்தின் குற்றத்தை அறிந்தவன், அறிந்தும் அதனைத் தடுக்கும் ஆற்றல் அற்றவன்: இத்தகைய மனிதனையே அவர் மீண்டும் மீண்டும் நடித்தார்.

பூர்க் நாடகசாலையைப் பற்றி இங்கே சிறிது கூறுதல் தகும். மரியா தெரேசா அரசியார் காலத்தில், 1741இல், அரண்மனையை அடுத்துத் தோன்றிய அவ்வரங்கு 1888இல் இன்றைய பெருவீதிக் கட்டடத்துக்கு மாறியது. அங்கே உச்சரிப்பே ஒரு சமயம் போன்றது. அவ்வரங்கின் ஜேர்மன் உச்சரிப்புக்குத் தனிப்பெயரே உண்டு. வியன்னா மக்கள் அதனை வேறுபடுத்தி அறிவர். கோதே, ஷில்லர், கிறில்பாட்சர், கிளைஸ்ற் முதலியோரின் செய்யுள் நாடகங்களைச் சீர் பிறழாது, ஆயினும் பேச்சுப் போலவே ஒலிக்கச் செய்தல் அங்குள்ள நடிகனுக்கு முதற் பாடம். பிறிதொரு வழக்கமும் சுவையானது. நாடகம் முடிந்தபின் அந்நாடகசாலைக்கே உரிய நடிகர்கள் திரைக்கு முன்வந்து அவையை வணங்கிக் கைதட்டலை ஏற்றல் ஆகாதென்ற விதி 1983 வரையும் அங்கே நிலவியது. ஆடியவனை மறந்து ஆடப்பட்டதை நினைக்கவேண்டும் என்பது போலும் கருத்து. வேர்னர் இந்தப் பள்ளியிலேயே பயின்றவர். அவர் குரலில் வியன்னாவின் மென்மையும் செய்யுட் பயிற்சி தந்த திட்பமும் ஒருங்கே இருந்தன. வரியின் இறுதிச் சொல்லை உயர்த்தாமல், ஏறத்தாழக் கைவிடுவது போல விடுவார். கேட்போன் அதனைத் தானே எடுத்துக்கொள்ள வேண்டும். கல்லூரி மேடைகளில் இறுதிச் சொல்லைத் தூக்கி எறிவதே வீரமென எண்ணும் மாணவர் இதனை ஒருமுறையேனும் செவிமடுத்தல் நன்று.

1945 ஏப்பிரலில் அந்நாடகசாலை தீக்கிரையாயிற்று. நடிகர்கள் பத்தாண்டுக் காலம் வேறோர் அரங்கில் ஆடினர். இதற்கிடையே வேர்னர் திரைக்கு வந்தார். 1948இல் வெளிவந்த 'எக்காளமேந்திய தேவதை' என்னும் ஒஸ்திரியப் படமே முதலாவது. அதன் ஆங்கில வடிவிலும் அவர் நடித்தார். அதன்பொருட்டு இலண்டன் சென்றமையால் நாடகசாலையோடு பிணக்கு ஏற்பட்டது. நிறுவனங்களோடு அவர் கொண்ட நீண்ட பிணக்குகளின் வரிசையில் இது முதலாவது. எல்லாவற்றையும் எண்ணின் கட்டுரை நீளும்.

அவரை உலகம் அறியச் செய்தது 1951இல் அனற்றோல் லிற்வாக் நெறிப்படுத்திய 'விடியலுக்கு முன்னொரு முடிவு' என்னும் அமெரிக்கப் படம். போரின் இறுதி மாதங்களில் அமெரிக்கரிடம் கைதியான ஜேர்மன் இளைஞனொருவன், தன் நாட்டை விரைவில் இவ்வழிவினின்றும் மீட்கவேண்டுமென்ற எண்ணத்தால், அமெரிக்கருக்கு ஒற்றனாகித் தன் நாட்டிற்குள்ளேயே திரும்புகிறான். துரோகிக்கும் நாட்டன்பனுக்கும் இடைப்பட்ட அந்நிலையை எடுத்துரைக்க நீண்ட சொற்பொழிவொன்றை அமைத்திருக்கலாம். வேர்னரின் கார்ள் மௌறர் அவ்வாறு எதனையும் பேசுவதில்லை. குண்டுகளால் இடிந்த ஜேர்மன் நகரங்களிலேயே படம்பிடிக்கப்பட்ட அக்காட்சிகளில் அவன் நடக்கிறான், உணவுச்சாலையில் அமர்கிறான், தன்னை நம்பிப் பேசும் தன் நாட்டவரின் பேச்சைக் கேட்கிறான். ஒவ்வொருவரும் பேசப் பேச, இவரையும் காட்டிக்கொடுக்கின்றேனா என்னும் நினைவு அம்முகத்தில் வந்து போகின்றது. முகத்தசை அசைவதாகவே தோன்றாது. கண் மட்டும் சற்றே தாழும். உள்ளத்து நிகழ்ச்சி மெய்யின்கண் புலப்படுதலை மெய்ப்பாடு என்று தமிழ் நூலோர் வழங்கினர். அதனை மறைக்க முயல்பவனிடத்தும் அது புலப்படுமாறு காட்டுதல், வெளிப்படுத்துதலினும் அரிய தொழில். ஒற்றனின் நடிப்பு அது. தன் உணர்ச்சியைப் பிறர் காணாமற் காக்கவும் வேண்டும். அவையோர் காணவும் வேண்டும். இருபத்தெட்டு வயதினர் ஒருவர் இதனைச் செய்தார் என்பது வியப்பே.

ஹொலிவூட் நிறுவனம் அவரை ஒப்பந்தம் செய்தது; ஆனால் அவர் எதிர்பார்த்த பாத்திரங்கள் கிட்டவில்லை. பொருளையும் புகழையும் வேண்டுவோர் அங்கே காத்திருந்திருப்பர். வேர்னர் ஐரோப்பாவுக்கே திரும்பி, மேடையை நாடினார். 1953இல் பிராங்பேட் நகரில் அவர் நடித்த ஹாம்லெற் அக்காலத்து ஜேர்மன் மேடையின் பெருநிகழ்ச்சிகளுள் ஒன்றாக எண்ணப்பட்டது. ஷில்லரின் டொன் கார்லோஸ், கோதேயின் தாஸோ என அவர் ஏற்ற மேடைத் தலைவர்கள் அனைவரும் ஓரினத்தவர் என்பது கருதத்தக்கது. எல்லாரும் அரசவையை அடுத்து வாழ்வோர், கூர்த்த உணர்வினர், செயலுக்குரிய வேளையிற் சிந்தனையாற் கட்டுண்டோர்.

1955 அவருக்கு வளமான ஆண்டு. அவ்வாண்டு வெளிவந்த படங்களுள் ஒன்றில் அவர் மோட்சார்ட்டாகத் தோன்றினார். அதுபற்றிச் சொல்ல அதிகமில்லை, இசைஞரின் வாழ்க்கையை இனிப்பூட்டிக் கொடுக்கும் படங்களுள் அதுவும் ஒன்று. பாப்ஸ்ற் நெறிப்படுத்திய 'இறுதி அங்கம்' அவ்வாறன்று. ஹிட்லரின் இறுதி நாட்களை நிலவறைக்குள் வைத்துக் காட்டும் அப்படத்தில் வேர்னர் கப்டன் வூஸ்ற் என்னும் போர்முனை அலுவலர். தம் படையினரின் நிலையைத் தலைவரிடம் நேரே எடுத்துரைக்க வந்தவர். ஆனால் காத்திருக்க வைக்கப்படுகிறார். படத்தின் பெரும்பகுதியில் அவர் செய்வது காத்திருத்தலே. நிலவறையின் குடியும் கூச்சலும் பைத்தியக்காரக் கட்டளைகளும் அக்காத்திருக்கும் முகத்தின் வழியாகவே அவையோரை அடைகின்றன. நிலத்தடிப் புகைவண்டிப் பாதையில் அடைக்கலம் புகுந்த பொதுமக்கள்மீது நீரைத் திறந்துவிடும் கட்டளையை அறிந்தபோதுதான் அவர் வெடித்தெழுகிறார். அதுகாறும் அடக்கிவைத்த வெகுளி ஆதலின் அதற்கு அத்துணை வலிமை உண்டாயிற்று. மேடையில் முதலங்கத்திலேயே இத்தகைய குரலை எழுப்பியிருப்பின் மூன்றாமங்கத்திற்கு யாதும் எஞ்சியிராது.

அதே ஆண்டு மக்ஸ் ஓபுல்ஸ் என்னும் பெருங்கலைஞரின் 'லோலா மொன்தெஸ்' படத்தில் அவருக்குச் சிறியதொரு மாணவன் வேடம். பவேரிய அரசனின் காதலியாகி மக்களின் சினத்துக்கு இலக்கான ஆடல்மகளை நாட்டைவிட்டுத் தப்பச்செய்யும் மாணவன் அவன். எளியதோர் இல்லற வாழ்வை அவளுக்குத் தர முன்வருகிறான். அவளோ களைத்துப்போனவள், ஏற்கும் நிலையைக் கடந்தவள். அவள் மறுப்பதைக் கேட்டு அமர்ந்திருக்கும் அம்மாணவனைப் பாரிசில் ஒருவர் கண்டு நினைவிற் கொண்டார். அவர் அப்போது திரைப்பட விமரிசகராயிருந்த பிரான்சுவா துரூபோ.

துரூபோ நெறியாளராகிப் படைத்த 'ஜூல்சும் ஜிம்மும்' 1962இல் வெளிவந்தது. ஹென்றி பியேர் றொஷே தம் முதுமையில் எழுதிய புதினமே அதன் மூலம். 1912ஆம் ஆண்டளவிற் பாரிசில் நண்பராகும் ஒஸ்திரியன் ஜூல்சும் பிரெஞ்சுக்காரன் ஜிம்மும் கத்தரீன் என்னும் ஒருத்தியையே விரும்புகின்றனர். ஜூல்ஸ் அவளை மணக்கிறான். 1914இல் உலகப் போர் மூள்கிறது. நண்பர் இருவரும் எதிரெதிர்ப் படைகளில். ஒருவனை ஒருவன் கொன்றுவிடுவோமோ என்பதே இருவரின் அச்சமும். தன்னை உருசியப் போர்முனைக்கு மாற்றும்போது ஜூல்ஸ் அதனை நற்செய்தியாகக் கொள்கிறான். அங்கே ஜிம் இரான் அல்லவா? படையிலிருந்து ஓடிய வேர்னரின் வாயிலிருந்து இச்செய்தி வரும்போது அதற்கு ஒரு தனியுண்மை ஏற்படுகின்றது. இது பார்ப்போர் அறிந்து ஏற்றும் பொருள்; நடிகர் அதனைத் தாமாக வலியுறுத்தினாரல்லர்.

ஷான் மொறோவின் கத்தரீன் பாத்திரமே அப்படத்தைத் தாங்குவதாகப் பலர் எழுதியுள்ளனர். அவர் ஓடுகிறார், பாடுகிறார், ஆற்றிற் குதிக்கிறார். கண் அவரையே பற்றுதல் இயல்பு. ஆனால் அப்படத்தின் துயரம் முழுவதும் வேர்னரிடமே தங்கியுள்ளது. போருக்குப்பின் றைன் நதிப் பகுதியிலுள்ள ஜூல்சின் வீட்டுக்கு ஜிம் வருகிறான். மனைவி தன்னை விட்டு முற்றாகப் போய்விடுவாளோ என்று அஞ்சும் கணவன், நண்பனே அவளை மணந்துகொள்ளட்டும், தான் அவளைக் காணும் பேறு மட்டும் இருந்தாற் போதும் என்று கூறும் கட்டம் உண்டு. எழுத்திற் படிப்போருக்கு இது கோழைத்தனமாகவோ அருவருப்பாகவோ தோன்றும். தமிழ் வாசகர் பலர் இதனை ஏற்கத் தயங்குவர் என்பதும் உண்மை. வேர்னர் அவ்வசனத்தைக் கூறும் முறையில் இரங்கத்தக்கது எதுவும் இல்லை. பூச்சிகளையும் செடிகளையும் பற்றி நூலெழுதும் அறிஞன் தான் கண்ட உண்மையொன்றைத் திருத்தமாகச் சொல்வது போலச் சொல்கிறான். பெருமிதம் தோன்றும் நிலைக்களங்கள் நான்கெனக் கூறவந்த தொல்காப்பியர் கல்வியை முதலில் வைத்தார். தறுகண் அதன் பின்னரே. ஜூல்சின் பெருமிதம் கல்வியின் வழிப்பட்டது. தன்னைத் தான் அறிந்தமையின் வழிப்பட்டது. இழப்பவன் இழிந்தவனாகத் தோன்றாமைக்கு அதுவே காரணம்.

முடிவு யாவரும் அறிந்தது. கத்தரீன் ஜிம்மைத் தன் காரில் ஏற்றிக்கொண்டு, ஜூல்சைப் பார்த்திருக்கும்படி கூறி, உடைந்த பாலத்திலிருந்து நேரே ஆற்றுள் செலுத்துகிறாள். பார்த்திருப்பதே ஜூல்சுக்கு இறுதிவரை வாய்த்த தொழில். தகனத்தின்பின் அவன் இடுகாட்டுப் பாதையில் தனியே இறங்கிச் செல்கிறான். துயரத்துடன் விடுதலையும் கலந்திருப்பதைக் கதைசொல்லியின் குரல் தெரிவிக்கின்றது. அக்குரல் இல்லாவிடினும் அந்நடையே அதனைத் தெரிவித்திருக்கும். பிரெஞ்சு மொழியை அயலவனின் உச்சரிப்போடு அவர் பேசியமையும் பாத்திரத்துக்கு நன்மையே செய்தது. அயல்மொழியிற் பேசுவோன் சொல்லைத் தேடி எடுக்கவேண்டும்; தேடும் கணத்திலே அவன் முகம் பிறருக்குத் திறந்துகிடக்கும்.

1965இல் இரண்டு படங்கள் அவரை ஆங்கிலமறிந்த உலகின் முன்னணியில் நிறுத்தின. ஸ்ரான்லி கிறேமரின் 'மூடர் கப்பல்' குறைகள் பல உடைய படம். கதரின் ஆன் போட்டரின் பெரும் புதினத்தைச் சுருக்கி, 1933இல் மெக்சிக்கோவின் வேரா குறூசிலிருந்து ஜேர்மனிக்குச் செல்லும் கப்பலொன்றில் அக்கால ஐரோப்பாவையே ஏற்றிவிட முயல்கின்றது அது. ஆதலின் பாத்திரங்கள் பலர் மனிதராயன்றிக் கருத்துக்களாகவே உலாவுகின்றனர். அவ்வுலாவினிடையே இருவர் மட்டும் உயிர் பெற்றுள்ளனர்: இருதய நோயுற்ற கப்பல் மருத்துவர் ஷூமானாக வேர்னரும், ஏழைத் தொழிலாளருக்குத் துணைநின்றமையாற் சிறைக்கு அனுப்பப்படும் பிரபுகுலப் பெண்ணாக சிமோன் சிஞோரேயும். அவள் உறக்க மருந்துக்கு அடிமை. அவர் மருத்துவர், கொடுக்கலாகாது என அறிந்தவர், கொடுக்கிறார். இருவரும் இளமை கடந்தோர். இருவருக்கும் எஞ்சிய காலம் சில நாட்களே. மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என்னும் நான்கும் இளிவரலுக்கு நிலைக்களமென்பது இலக்கணம். அவற்றுட் பெரும்பாலானவை இக்காதலிலே குடிகொண்டிருந்தும் இளிவரல் தோன்றவில்லை. சிஞோரே பேசுகையில் வேர்னர் அவரை நோக்கும் நோக்கே அதனைத் தடுக்கின்றது. மருத்துவன் நோயாளியைக் கேட்பது ஒரு வகை. காதலன் கேட்பது வேறொரு வகை. முதலாவது இரண்டாவதாக மாறும் கணத்தைச் சுட்டிக்காட்டல் இயலாது. ஆனால் மாறிவிட்டதென்பதை யாவரும் அறிவர்.

தெனெரீவ் தீவில் அவள் காவலரோடு இறங்கிச் செல்லும்போது மருத்துவர் பின்தொடர்ந்து செல்லவில்லை. குடும்பம், கடமை, பழக்கம் என்னும் யாவும் அவரைக் கப்பலில் நிறுத்துகின்றன. அதன்பின் அவர் உயிர் தரிக்கவில்லை. செயலற்றுப்போன நல்லவனின் தண்டனை இது. அக்கால ஜேர்மனியரின் ஒரு பகுதியினரைப்பற்றி அப்படம் சொல்ல விரும்பிய அனைத்தையும் வசனங்களினும் அவ்வொரு தயக்கம் நன்கு சொல்லிவிடுகின்றது. நியூயோர்க் விமரிசகர் வட்டம் அவ்வாண்டின் சிறந்த நடிகருக்குரிய விருதை வேர்னருக்கு வழங்கியது. ஒஸ்கார் பரிசுக்கும் அவர் பெயர் முன்மொழியப்பட்டது, ஆனால் பரிசு லீ மார்வினுக்குச் சென்றது.

ஜோன் லெ கரேயின் புதினத்தைக்கொண்டு மார்ட்டின் றிற் எடுத்த 'குளிரிலிருந்து வந்த ஒற்றன்' அவருக்குத் துணைநடிகருக்குரிய 'கோல்டன் குளோப்' பரிசைப் பெற்றுத் தந்தது. கிழக்கு ஜேர்மன் உளவுத்துறையைச் சேர்ந்த யூதர் பீட்லர், றிச்சார்ட் பேட்டன் நடித்த ஆங்கில ஒற்றனை விசாரிக்கிறார். விசாரிப்பவனின் தொழில் கேட்டல். வேர்னர் அக்கேள்விகளை ஆர்வமிக்க மாணவன் ஆசிரியரிடம் கேட்பதுபோலக் கேட்கிறார்; எதிரியின் கொள்கை யாதென உண்மையாகவே அறிய விரும்புகிறார். கொள்கை எதுவுமில்லை என்ற விடை அவரைத் திகைக்க வைக்கின்றது. அப்படத்திலே எதனையேனும் நம்புகின்ற இருவருள் அவர் ஒருவர்; மற்றையவள் ஒற்றனின் காதலி. இருவரும் அழிக்கப்படுகின்றனர். நியாயசபையிலே தம் வழக்கு உடையுங்கால் பீட்லரின் முகத்திற் காணப்படுவது அச்சமன்று. கணக்கின் விடை பிழைத்ததைக் கண்டவன் எந்தப் படியிற் பிழைத்ததென்று பின்னோக்கித் தேடுவது போன்றதொரு நிலை அது. தோன்றும் நேரம் குறைவாயினும் பேட்டனின் பெருங்குரலுக்கு அருகே வேர்னரின் தாழ்ந்த குரல் சிறிதும் தாழவில்லை.

இந்த உச்சத்தில் நின்றபோதே சரிவு தொடங்கியது. துரூபோ 1966இல் இங்கிலாந்தில் 'பாரன்ஹீற் 451' படத்தை எடுத்தார். றே பிராட்பரியின் புதினம் அது. நூல்கள் தடைசெய்யப்பட்ட வருங்கால நாடொன்றிலே, தீயணைப்போர் எனப்படுவோர் நூல்களைத் தீயிடுகின்றனர். அவருள் ஒருவனான மொன்ராக் நூலொன்றைக் களவாகப் படிக்கத் தொடங்கி மாறிவிடுகிறான். மொன்ராக்காக வேர்னர். நான்கு ஆண்டுகளுக்கு முன் நண்பராய்ப் பணிபுரிந்த இருவரும் இப்படப்பிடிப்பின்போது பேச்சற்றுப் போயினர். துரூபோ எழுதிய நாட்குறிப்பு பிரெஞ்சுச் சஞ்சிகையொன்றில் அவ்வாண்டே வெளிவந்தமையால் அப்பிணக்கு ஊரறிந்ததாயிற்று. நெறியாளர் வேண்டியது எளிமையும் வியப்பும் உடைய மொன்ராக்கை. நடிகர் கொடுத்தது இறுகிய, வீறுள்ள மொன்ராக்கை. இறுதிக் காட்சிகளுக்கு முன்னர் வேர்னர் தம் தலைமயிரை வேறுவிதமாகக் குறைத்துக்கொண்டு வந்து, முன்னைய காட்சிகளோடு அவை பொருந்தாவாறு செய்தார் என்பதும் வரலாறு.

யார் பக்கம் நியாயம்? நாட்குறிப்பு ஒருவர் கூற்றே என்பதை மறத்தலாகாது. வேர்னர் நாட்குறிப்பு எழுதியவரல்லர். அவர் கருத்திலும் உண்மை இல்லாமலில்லை. நூல்களை நாள்தோறும் எரித்து மேலதிகாரியின் பாராட்டைப் பெற்ற ஒருவன் தொடக்கத்திலேயே மென்மையானவனாக இருத்தல் எங்ஙனம்? நாற்சி ஆட்சியின் நகரிலே இளமையைக் கழித்தவருக்குச் சீருடையாளனின் இறுக்கம் எத்தகையதென்பதை எவரும் கற்பிக்க வேண்டியதில்லை. 1933இல் ஜேர்மனியில் நூல்களைத் தெருவிலிட்டு எரித்தோர் வியப்புள்ள குழந்தைகளாயிருக்கவில்லை. இவ்வாதத்தை வேர்னர் வென்றிருக்கலாம். ஆனால் வாதத்தில் வெல்லுதல் வேறு, நடிப்பு வேறு. படத்தைப் பார்க்குங்கால் இரு மொன்ராக்குகள் தெரிகின்றனர். மேலதிகாரியோடும் ஜூலி கிறிஸ்ரியோடும் உரையாடும் மொன்ராக் எதிரிலிருப்பவர் பேசுவதைக் கேட்பதில்லை. தன் முறை வருவதற்காகக் காத்திருக்கிறான். நடிகருக்கும் நெறியாளருக்குமிடையே நின்ற சுவர் பாத்திரங்களுக்கிடையேயும் எழுந்துவிட்டது. இதுவே உண்மையான நட்டம். தலைமயிரின் நீளத்தை ஒப்பனையாளர் ஒருவாறு சமாளித்திருப்பார்.

எனினும் அதே படத்தில் ஒரு காட்சியுண்டு. நள்ளிரவில் மொன்ராக் முதன்முதலாக நூலொன்றைத் திறக்கிறான். டிக்கின்சின் 'டேவிட் கொப்பர்பீல்ட்'. தலைப்பேட்டையும் பதிப்பகத்தின் விபரத்தையும்கூட விடாது, எழுத்துக்களின்கீழ் விரல் வைத்து, ஏடு தொடக்கிய சிறுவனைப் போல, ஒவ்வொரு சொல்லாக உரத்துப் படிக்கிறான். பூர்க் நாடகசாலையில் செய்யுளை நீரோட்டம்போலச் சொன்ன குரல் இங்கே தட்டுத் தடுமாறுகின்றது. அத்தடுமாற்றத்தில் வீறு இல்லை, இறுக்கமும் இல்லை. எதிரே வேறு நடிகர் இல்லை; அச்சிட்ட சொல் மட்டுமே இருக்கிறது. அச்சொல்லை அவர் கேட்கிறார். துரூபோ வேண்டிய மொன்ராக்கை, பிணக்கின் நடுவிலும், வேர்னர் அந்தச் சில நிமிடங்களிற் கொடுத்துவிட்டார்.

அதன்பின் நிகழ்ந்தவற்றை விரைந்து கூறலாம். 1968இல் 'இடைவேளை' என்னும் படத்தில் வாத்தியக் குழு நடத்துநராகவும், 'மீனவனின் பாதணிகள்' படத்தில் திருச்சபையின் விசாரணைக்குள்ளாகும் குருவும் அறிஞருமான தெலமொண்டாகவும் தோன்றினார். பின்னையது, தெயார் த சார்தென் அடிகளை நினைவூட்டும் பாத்திரம். கொள்கைக்காகத் தனித்து நிற்பவனை நடிக்க இனி அவர் முயலவும் வேண்டியதில்லை என்னுமளவுக்கு இயல்பாய் அமைந்தது. 1976இல், 1939ஆம் ஆண்டு யூத அகதிகளை ஏற்றிச்சென்று கரையிறக்க இடமின்றித் திரும்பிய சென் லூயிஸ் கப்பலின் கதையிலே, யூத மருத்துவராக நடித்தார். அதுவே இறுதிப் படம். இவற்றினிடையே அவர் மறுத்த வாய்ப்புகள் ஏற்றவற்றினும் மிகப் பல. தகுதியற்றது எனக் கருதிய எதனையும் பொருளுக்காக ஏற்கமாட்டேன் என்ற உறுதி அவரிடம் இருந்தது. அது மதிக்கத்தக்கதே. குடிப்பழக்கமும் அவரைப் பற்றியிருந்தது. அதனை மட்டுமே காரணமாக்கி அனைத்தையும் விளக்கிவிட முயல்வோரும் உளர், அது எளிய வழி.

மேடையில் அவர் தாமே நெறியாளராகித் தம்மையே தலைவனாக்கினார். 1970இல் சால்ஸ்பேர்க்கில் மீண்டும் ஹாம்லெற், வயது நாற்பத்தேழு. 1983இல் டானியூப் கரையிலுள்ள வாஹௌ பகுதியில் கிளைஸ்ற்றின் 'ஹொம்பூர்க் இளவரசன்', வயது அறுபது. கிளைஸ்ற்றின் இளவரசன் கட்டளையை மீறிப் போரில் வென்று, மீறியமைக்காக மரண தண்டனை பெற்று, தனக்காகத் தோண்டப்பட்ட குழியைக் கண்டு நடுங்கும் இளைஞன். விமரிசகர் அத்தயாரிப்பை இரக்கமின்றிச் சாடினர். வயது பொருந்தாமையே பெரிதும் பேசப்பட்டது. ஆனால் முதியோர் இளையோராய் நடிப்பது எந்த நாட்டு மேடைக்கும் புதியதன்று. கூத்தரங்கில் அறுபது வயது அபிமன்னன் ஆடக் கண்டோர் அதனை அறிவர். குறை வேறிடத்தில் இருந்தது. லிற்வாக், பாப்ஸ்ற், ஓபுல்ஸ், துரூபோ, கிறேமர், றிற் ஆகிய ஒவ்வொருவரும் அவருக்கு எதிரே வலிய நடிகரை நிறுத்தினர். அவர் கேட்டுக்கொண்டிருந்த வேளையில் அவரை நோக்கினர். தாமே அனைத்துமாகிய அரங்கிலே அவரைக் கேட்கச் செய்வார் எவருமில்லை. மேடையின் தலைவன் பேசவேண்டும், அவரும் பேசினார். தமது மிகச் சிறந்த ஆற்றலைத் திரைப்படத்தோடு சேர்த்து இரண்டாம் இடத்தில் வைத்தமையின் விளைவு அது என்று கூறினும் தவறாகாது.

இசைத்தட்டுக்களில் அவர் பதிவு செய்த கவிதை வாசிப்புக்கள் கிடைக்கின்றன. கோதே, மோரிக்கே, றில்கே முதலியோரின் கவிதைகளை அவர் படிக்கக் கேட்போர், ஜேர்மன் அறியாராயினும், ஒவ்வோர் அடிக்குமிடையே அவர் விடும் அமைதியை உணர்வர். அவருடைய இறுதிப் பயணமும் இத்தகையதொரு வாசிப்பின் பொருட்டாகவே அமைந்தது. 1984 ஒக்டோபர் 23ஆந் திகதி, ஜேர்மனியின் மார்பூர்க் நகரில் விடுதியொன்றிலே மாரடைப்பினாற் காலமானார். துரூபோ அதற்கு இரு நாட்களுக்கு முன், ஒக்டோபர் 21ஆந் திகதி, பாரிசை அடுத்த நெயியில் இறந்திருந்தார்.

'பாரன்ஹீற் 451' படத்தின் இறுதியில் நூல்களை மனனஞ் செய்து காக்கும் மனிதர் ஏரிக்கரையில் வாழ்கின்றனர். படப்பிடிப்பு நாளன்று எதிர்பாராது பனி பெய்தது. துரூபோ அதனையும் படமாக்கிக்கொண்டார். பனியினூடே ஒவ்வொருவரும் தத்தம் நூலை முணுமுணுத்தபடி ஒருவரையொருவர் கடந்து செல்கின்றனர். மொன்ராக்கும் எட்கர் அலன் போவின் கதைநூலைச் சொல்லிக்கொண்டு அவர்களிடையே நடக்கிறான். தலைமயிர் முந்திய காட்சிகளைவிடக் குறுகியிருக்கின்றது.